கட்டடத் தொழிலாளியின் கையில் ஒரு சிறு வெட்டுக்கருவி

வீடு கட்டும் இடங்களில் இரும்பையும் தரை ஓட்டையும் அறுக்கும் ஓசை நம் தெருக்களில் இடையறாது கேட்கிறது. நம் குடும்பங்களில் எத்தனையோ பேர் கொத்தனாராகவும் மின்பணியாளராகவும் குழாய்ப் பணியாளராகவும் உழைத்துப் பிழைக்கின்றனர். அவர்களுடைய பைகளில் அண்மைக் காலமாக ஒரு புதிய கருவி இடம்பெற்று வருகிறது. மின்கம்பி இணைப்பு இல்லாமல், மின்கலத்தால் இயங்கும் மூன்றங்குல வெட்டுக்கருவியே அது. தச்சரின் கொட்டாப்புளியைவிடச் சிறியதாகத் தோன்றும் இதனைப் பற்றிக் குடும்பத்தார் அனைவருமே சற்று அறிந்திருப்பது நல்லது.

இதன் மூத்த உறவினரான ஆங்கிள் கிரைண்டரை நாம் அறிவோம். வேகமாகச் சுழலும் அத்தகைய கருவியை 1954-ல் ஜெர்மனியில் ஆக்கர்மன்-ஷ்மிட் நிறுவனம் அறிமுகப்படுத்தியது. அதன் வணிகப் பெயரான 'பிளெக்ஸ்' என்பதே இன்றளவும் ஜெர்மானியர் நாவில் அக்கருவிக்குப் பொதுப்பெயராக வழங்குகிறது. அதனைச் சுருக்கிக் கம்பியினின்று விடுவித்தது லித்தியம் அயனி மின்கலம். 1991-ல் சோனி நிறுவனம் அம்மின்கலத்தை விற்பனைக்குக் கொணர்ந்தது. அதற்கு அடிகோலிய குட்இனப், விட்டிங்ஹாம், யோஷினோ ஆகிய மூவருக்கும் 2019-ல் வேதியியல் நோபல் பரிசு வழங்கப்பட்டது. கருவியின்மேல் 12 வோல்ட் என்று அச்சிட்டிருப்பினும், உள்ளே இருப்பவை 3.6 வோல்ட் கலங்கள் மூன்றே. கூட்டினால் 10.8 வோல்ட்தான், முழுமையாக மின்னேற்றியவுடன் மட்டுமே அது 12-ஐச் சற்றுத் தாண்டுகிறது.

கம்பி இல்லாமை வெறும் வசதியன்று. ஈரத் தரையில், தோல் உரிந்த ஒயரின் முனைகளைச் சுவிட்சுப் பலகைத் துளைகளில் செருகித் தீக்குச்சியால் இறுக்கி வேலை செய்யும் காட்சியை நாம் காணாத கட்டடம் உண்டா? அந்த ஆபத்து இங்கே நீங்கிவிடுகிறது. ஏணியின்மேல் நின்று தளத்திலிருந்து தொங்கும் திருகுக் கம்பியை அளவாக நறுக்கவும், துருப்பிடித்த போல்ட்டின் தலையை நீக்கவும், ஒட்டி முடித்த டைல்ஸில் சுவிட்சுப் பெட்டிக்கு இடம் வெட்டவும் இது மிகவும் ஏற்றது. இரும்புக்கு ஒருவகை வீல், ஓட்டுக்கு வைரத்தூள் பதித்த வீல் என மாற்றிக்கொள்ள வேண்டும். எனினும் வெட்டும் ஆழம் ஏறத்தாழ முக்கால் அங்குலமே. சிலவற்றில் அதுவும் இல்லை. சமையலறை மேடைக்கான கிரானைட் பலகையை இதனால் அறுக்க முயல்வது மின்கலத்துக்கும் கேடு, வேலைக்கும் கேடு.

உருவில் சிறியதாயினும் இதனை விளையாட்டுப் பொருளென எண்ணிவிடலாகாது. 76 மில்லிமீட்டர் வீல் நிமிடத்துக்கு 20,000 முறை சுழலும்போது, அதன் விளிம்பு நொடிக்கு ஏறத்தாழ 80 மீட்டர் விரைகிறது. அதாவது மணிக்கு 280 கிலோமீட்டருக்கும் மேல்! பொதுவாக 11,000 முறை சுழலும் நாலங்குலக் கிரைண்டரில்கூட விளிம்பு வேகம் 58 மீட்டரளவே. ஆழம் போதவில்லையென்று காப்புமூடியைக் கழற்றிவிட்டு நாலங்குல வீலை இதில் மாட்டுவோர் இதனைக் கருத வேண்டும். 100 மில்லிமீட்டர் வீல்கள் வழக்கமாக 15,300 சுற்றுகளுக்கே உறுதியளிக்கப்பட்டவை. 20,000-ல் அது சிதறினால், முன்னே இருப்பது வெட்டுபவரின் முகமும் கழுத்துமே. கழற்றிய மூடி ஓரமாகக் கிடக்கும் காட்சியைப் போல் நமக்குச் சினமூட்டுவது வேறொன்றில்லை.

பிசினால் பிணைத்த வீல்களுக்கு ஆயுட்காலம் உண்டு என்பதும் பலர் அறியாதது. நடுவிலுள்ள உலோக வளையத்தில் மாதமும் ஆண்டும் பொறித்திருக்கும். உற்பத்தியிலிருந்து 3 ஆண்டுகளே கணக்கு. ஈரத்தில் கிடந்ததையும் கீழே விழுந்ததையும் விலக்க வேண்டும். வெட்டும் வீலின் பக்கவாட்டில் வைத்துத் தேய்ப்பதும் கூடாது. ஒரு கையால் கருவியைப் பிடித்து மறு கையால் பொருளைப் பற்றிக்கொள்ளும் பழக்கத்தை விட்டொழித்தல் நன்று. வெட்டு குறுகி வீலை இறுக்கினால் கருவி பின்னோக்கித் துள்ளும். பொருளைக் கவ்வியில் இறுக்கிவிட்டால் இரு கைகளும் கருவிக்கே கிடைக்கும்.

தீப்பொறியைக் கண்டு அஞ்சுவோர் புழுதியைக் கண்டு அஞ்சுவதில்லை. ஓடு, கான்கிரீட், கிரானைட் ஆகியவற்றை வெட்டும்போது எழும் நுண்ணிய சிலிக்காத் தூள் நுரையீரலில் தங்கி, சிலிக்கோசிஸ் என்னும் நோயை விளைவிக்கிறது. அதனைக் குணப்படுத்த மருந்தில்லை. அத்தூள் புற்றுநோய் விளைவிப்பது என்று பன்னாட்டுப் புற்றுநோய் ஆய்வு நிறுவனம் 1997-ல் வகைப்படுத்தியது. முகத்தில் கட்டிய துண்டு அதனைத் தடுப்பதில்லை. முகத்தோடு படிந்து நிற்கும் என்95 முகக்கவசமாவது வேண்டும். மின்கருவியாதலால் இதன்மேல் நீரூற்றி வெட்டவும் இயலாது. ஆகவே அதிக ஓடுகளை வெட்ட வேண்டுமாயின், நீரோடு இயங்கும் மேசைக் கருவியில் வெளியே வைத்து வெட்டுவதே முறை. உடனிருந்து ஓடு எடுத்துக் கொடுக்கும் பெண்களும் அதே காற்றைத்தான் சுவாசிக்கிறார்கள் என்பதை மேஸ்திரிகள் ஏனோ நினைப்பதில்லை.

வீடு கட்டுவிக்கும் நமக்கும் இதில் பங்குண்டு. சுவரும் ஓடும் முடிந்த பிறகு, "இந்தச் சுவிட்சை அந்தப் பக்கம் மாற்றிவிடுங்கள், நாளை புதுமனை புகுவிழா" என்று நாம் அவசரப்படுத்தும்போதுதான் மூடி கழற்றப்படுகிறது, கண்ணாடி மறக்கப்படுகிறது. மின்சாரப் புள்ளிகளைப் பூச்சுக்கு முன்பே வரைந்து கொடுத்துவிட்டால் பாதி வெட்டுக்கு அவசியமே இராது. ஒப்பந்தக்காரரிடம் மதிப்பீடு கேட்கும்போதே பாதுகாப்புக் கண்ணாடியும் முகக்கவசமும் யார் பொறுப்பு என்று கேட்டுவிடலாம். கருவி தொழிலாளியுடையது என்பதால் கண் அவர் பாடு என்று சொல்பவரை நாம் ஏற்கலாகாது.

வீலை மாற்றும்போதும், உணவுக்கு எழும்போதும், மின்கலத்தைக் கழற்றித் தனியே வைக்க வேண்டும். தாய் சிமெண்டு குழைக்க, அருகில் மணலில் விளையாடும் பிள்ளைகள் உள்ள இடங்களில் அதனைச் சட்டைப் பையிலேயே போட்டுக்கொள்வது மேல்.