யாழ்நூல் தந்த விபுலானந்த அடிகள்

தேவாரத் திருப்பதிகங்களிற் பெரும்பாலானவை பண்ணோடு பிறந்தவை. ஆளுடைய பிள்ளையாராகிய திருஞானசம்பந்தப் பெருமான் தலந்தோறும் சென்று பதிகம் அருளியபொழுது, திருநீலகண்ட யாழ்ப்பாணர் உடன்சென்று அவற்றை யாழிலிட்டு வாசித்தார் எனப் பெரியபுராணம் கூறும். அத்தகு யாழ் பிற்காலத்தே வழக்கொழிந்து, வீணை அதன் இடத்தைப் பெற்றது. யாழின் வடிவம் யாது, நரம்புகளை எங்ஙனம் இசைகூட்டினர் என்பவற்றை அறிவார் அரியராயினர். யாழும் வீணையும் ஒன்றே எனக் கொண்டோரும் உளர். கருவி மறைந்தமையால், அதனை அடியாகக் கொண்டு வகுக்கப்பெற்ற பழம்பண்களின் இலக்கணமும் விளங்காதாயிற்று. இக்குறையை நீக்க வாழ்நாளின் பெரும்பகுதியைச் செலவிட்டவர் விபுலானந்த அடிகள்.

ஈழநாட்டில் மட்டக்களப்புக்குத் தெற்கே உள்ள காரைதீவில், சாமித்தம்பியார்க்கும் கண்ணம்மையார்க்கும் மகனாக 1892-ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்கள் 27-ஆம் நாள் அடிகள் தோன்றினார். பிள்ளைப் பெயர் மயில்வாகனன். உ.வே. சாமிநாதையர் சிலப்பதிகாரத்தை அச்சேற்றியதும் அவ்வாண்டிலேயே என்பது எண்ணி மகிழத்தக்கது. அந்நூலே பின்னர் அடிகளின் ஆராய்ச்சிக்கு உயிர்நாடியாயிற்று.

1916-இல் மதுரைத் தமிழ்ச் சங்கப் பண்டிதத் தேர்விலும், 1920-இல் இலண்டன் பல்கலைக்கழக அறிவியற் பட்டத் தேர்விலும் தேறினார். 1922-இல் மயிலாப்பூர் இராமகிருட்டிண மடத்தைச் சார்ந்து, 1924-இல் துறவு பூண்டு விபுலானந்தர் என்னும் பெயர் பெற்றார். அண்ணாமலைப் பல்கலைக்கழகத்திலும், பின்னர் 1943 முதல் இலங்கைப் பல்கலைக்கழகத்திலும் தமிழ்ப் பேராசிரியராய் விளங்கினார். இமயச் சாரலில் மாயாவதி ஆசிரமத்திலிருந்து ‘பிரபுத்த பாரதம்’ இதழை நடத்திய நாளிலும் யாழ் பற்றிய எண்ணம் அவரை விட்டு நீங்கவில்லை.

சிலப்பதிகாரத்து அரங்கேற்று காதையில் யாழாசிரியன் அமைதி கூறும் பகுதி கற்றாரையும் மயங்கவைப்பது. அடியார்க்குநல்லார் உரை இருந்தும், அவ்விலக்கணத்தின் கணக்கு விளங்காதிருந்தது. தமிழ்ப் புலமையும் கணித அறிவும் ஒருங்கே வாய்த்த அடிகள் அதனை ஆராய்ந்து தெளிந்தார். நரம்பின் நீளத்தை மூன்றில் இரு பங்காகக் குறைப்பின், குரல் நின்ற நரம்பில் இளி தோன்றும். இவ்வாறு ஒன்றிலிருந்து ஒன்றாகக் குரல், துத்தம், கைக்கிளை, உழை, இளி, விளரி, தாரம் என்னும் ஏழிசையும் பெறப்படுமாற்றையும், அவை பாலைகளாகத் திரிந்து பண்களாக விரியுமாற்றையும் எண்ணளவால் நிறுவினார். வில்யாழ், பேரியாழ், மகரயாழ், சகோடயாழ், செங்கோட்டியாழ் ஆகியவற்றின் இயல்பையும் ஆராய்ந்தார்.

ஏறத்தாழ 14 ஆண்டு உழைப்பின் பயனே யாழ்நூல். பாயிரவியல் முதல் ஒழிபியல் ஈறாக ஏழு இயல்களையுடைய இந்நூலைக் கரந்தைத் தமிழ்ச் சங்கம் 1947-இல் வெளியிட்டது. இதனுள் தேவாரத்திற்கெனத் தனி இயல் வகுத்தமை, அடிகளின் ஆராய்ச்சி எதனை நாடியது என்பதைக் காட்டும்.

நூலின் அரங்கேற்றம் அரண்மனையிலோ அவை மண்டபத்திலோ நிகழவில்லை. சோழநாட்டுத் திருக்கொள்ளம்பூதூர்த் திருக்கோயிலில், ஆளுடைய பிள்ளையார் திருமுன்னர், 1947 சூன் 5, 6 ஆகிய நாள்களில் நிகழ்ந்தது. வெட்டாற்றில் வெள்ளம் பெருகி ஓடம் செலுத்துவார் இல்லாதபொழுது, சம்பந்தப் பெருமான் அடியார்களுடன் ஓடத்திலேறிப் பதிகம் பாட, அப்பாட்டே கோலாக ஓடம் கரை சேர்ந்த தலம் அது. இசையே துணையாகக் கரையேறிய தலத்தில் இசைநூல் அரங்கேறியமை மிகப் பொருத்தமுடையது. உடல் நலிவுற்றிருந்த அடிகள் அவ்விழாவைக் கண்டு மகிழ்ந்தார். ஒன்றரைத் திங்களும் நிறைவுறுமுன், சூலைத் திங்கள் 19-ஆம் நாள் கொழும்பில் இறைவன் திருவடி எய்தினார். மட்டக்களப்பில் அவர் நிறுவிய சிவானந்த வித்தியாலய வளாகத்திலே அவர்தம் சமாதி உளது.

கருவியின் இலக்கணத்தை நூல் மீட்டுத் தரலாம். பண்ணை உயிரோடு காப்பது பாடும் நாவும் கேட்கும் செவியுமே. ஆதலின் திருக்கோயிலில் ஓதுவார் பண்ணுடன் திருமுறை பாடும்பொழுது, மெய்யன்பர்கள் விரைந்து கடந்து செல்லாது, சிறிது நேரம் நின்று கேட்டல் வேண்டும். தம் மக்களுக்கு ஒரு பதிகமேனும் பண்ணோடு பயிற்றுவித்தல் வேண்டும். அடிகளுக்கு நாம் செலுத்தும் நன்றி அதுவேயாகும்.