பழைய உலோகத்தைப் படிக்கும் வேலை: தொல்உலோகவியல்னா என்ன?

மெட்டலர்ஜி லேப்ல ஒரு எஃகுத் துண்டை எமரி ஷீட்ல தேய்ச்சு, பாலிஷ் பண்ணி, நைட்டால் விட்டு மைக்ரோஸ்கோப்புல பார்த்திருப்பீங்க. வரிவரியா பேர்லைட், வெள்ளையா ஃபெரைட். ரெக்கார்டு நோட்டுல வட்டம் போட்டு வரைஞ்சு கையெழுத்து வாங்கினதோட அந்த விஷயம் முடிஞ்சிருக்கும்.

இப்போ அதே துண்டு, இரண்டாயிரம் வருஷம் மண்ணுக்குள்ள கிடந்த ஒரு வாளோட நுனின்னு வெச்சுக்கோங்க. செஞ்சவன் பேரு தெரியாது. எப்படிச் செஞ்சான்னு எவனும் எழுதி வைக்கல. அந்த வட்டத்துக்குள்ள தெரியறதுதான் இருக்கிற ஒரே சாட்சி. அடிச்சு நீட்டினதா, வார்த்ததா, தண்ணில முக்கினதா, மெதுவா ஆற விட்டதா, எல்லாமே அந்தக் கிரெயின் அமைப்புல பதிஞ்சிருக்கும். அதைப் படிச்சுச் சொல்றதையே தொழிலா வெச்சிருக்கிறவங்கதான் தொல்உலோகவியலாளர்கள். ஆங்கிலத்துல ஆர்க்கியோமெட்டலர்ஜிஸ்ட்.

பேரு புதுசா இருக்கலாம். ஆனா இந்தத் துறையில நம்ம நாட்டுல முக்கியமான ஒருத்தர் பொறியியல் படிச்சுட்டு வந்தவர்தான். சாரதா ஸ்ரீநிவாசன், ஐஐடி பம்பாயில் 1987-ல் எஞ்சினியரிங் ஃபிசிக்ஸ் பி.டெக். முடித்தவர். அப்புறம் லண்டனில் கலை, தொல்லியல் பக்கம் முதுகலை. 1996-ல் லண்டன் யுனிவர்சிட்டி காலேஜின் தொல்லியல் நிறுவனத்தில் முனைவர் பட்டம். தலைப்பு தென்னிந்திய உலோகச் சிலைகள். பெங்களூரில் உள்ள தேசிய உயர் ஆய்வு நிறுவனத்தில் பேராசிரியரா இருந்தவர். 2019-ல் பத்மஸ்ரீ. பரதநாட்டியக் கலைஞரும்கூட. ‘கோர் கம்பெனி கிடைக்கலைன்னா என்ன பண்றது’ன்னு யோசிக்கிற நமக்கு இப்படி ஒரு ரெஸ்யூமே கொஞ்சம் தலைசுற்ற வைக்கும்.

அவர் சிலைகளை என்ன பண்ணினார்னு பார்ப்போம். சோழர் கால வெண்கலச் சிலைகளைப் பத்தி நமக்குத் தெரிஞ்சதெல்லாம் கலை வரலாற்றாளர்கள் சொன்னது. முகத்தோட அமைப்பு, நகைகளோட வடிவம், ஆடை மடிப்பு இதை வெச்சுக் காலம் சொல்வாங்க. கல்வெட்டோட கிடைச்ச சிலைகள் குறைவு. கண்ணால பார்த்துச் சொல்ற காலத்தைச் சரிபார்க்க வேற வழி இருக்கான்னு கேட்டால், சிலைக்குள்ள இருக்கிற காரீயம் உதவும்.

இந்தச் சிலைகள் பெரும்பாலும் செம்பு, வெள்ளீயம், காரீயம் கலந்தவை. பஞ்சலோகம்னு சொன்னாலும் ஆய்வுல தங்கமும் வெள்ளியும் சொற்பமாத்தான் தென்படுது. காரீயம் சேர்த்தால் உருகிய உலோகம் அச்சுக்குள்ள நல்லா ஓடும், விரல் நுனி வரைக்கும் போகும். அந்தக் காரீயத்துக்கு நிலையான ஐசோடோப்புகள் நாலு: 204, 206, 207, 208. இதில் 204 அப்படியே இருக்கும். மற்ற மூணும் யுரேனியமும் தோரியமும் சிதையச் சிதையக் கூடிக்கிட்டே வரும். ஆகவே எந்தத் தாதுப் படிவம், எப்போ உருவானதுங்கிறதைப் பொறுத்து இந்த நாலுக்கும் உள்ள விகிதம் மாறும். உருக்கினாலும் வார்த்தாலும் அந்த விகிதம் மாறாது. கைரேகை மாதிரி.

சாரதா சென்னை, லண்டன் அருங்காட்சியகங்களில் இருந்த நூற்றுக்கும் மேற்பட்ட சிலைகளின் உலோகக் கலவையை ஆராய்ந்தார். அதில் ஒரு பகுதிக்கு இந்த ஐசோடோப்பு அளவீடும் நடந்தது. காலம் உறுதியாத் தெரிந்த சிலைகளை அளவுகோலா வைத்து, மற்றவை எந்தக் கூட்டத்தோடு சேருதுன்னு பார்த்தார். இதில் ஒரு அதிர்ச்சி வந்தது. சென்னை அரசு அருங்காட்சியகத்திலும் லண்டன் பிரிட்டிஷ் மியூசியத்திலும் இருக்கும் இரண்டு நடராஜர் சிலைகளின் ரேகை, சோழர் கூட்டத்தை விடப் பல்லவர் காலக் கூட்டத்தோடு பொருந்தியது. உலோகத்தில் நடராஜரை முதலில் வார்த்தது சோழர்கள்னு பாடப்புத்தகம் வரைக்கும் இருந்த கருத்துக்கு எதிரா, பல்லவர் காலத்திலேயே வார்த்தாங்கன்னு 2004-ல் கட்டுரை எழுதினார். விவாதம் இருக்கத்தான் செய்யுது. பழைய உலோகத்தை உருக்கிப் புதுசோட சேர்த்தா ரேகை கலங்கிடும், அதனால இதை மட்டும் வெச்சு முடிவு சொல்ல முடியாது. ஆனா கேள்வியைத் திரும்பத் திறக்க ஒரு சிட்டிகை உலோகத் தூள் போதுமா இருந்துச்சு. எனக்கு இதில் பிடிச்சதே அதுதான்.

அடுத்தது, நம்ம ஃபேஸ் டயகிராமை நேராத் தொடற விஷயம். ஆதிச்சநல்லூரிலும் நீலகிரியிலும் புதைகுழிகளில் மெல்லிய வெண்கலக் கிண்ணங்கள் கிடைத்திருக்கின்றன. அவற்றில் சில 23 சதவீதத்தை ஒட்டி வெள்ளீயம் உள்ளவை. மெட்டீரியல்ஸ் படித்தவருக்கு இது உறுத்தணும். அவ்வளவு வெள்ளீயம் சேர்த்து வார்த்து ஆற விட்டால் டெல்டா ஃபேஸ் வந்து, கீழே போட்டா உடையற சாமானாகிடும். இதை அவ்வளவு மெல்லிசா எப்படி அடிச்சாங்க?

விடை 586 டிகிரி செல்சியஸில் இருக்கு. அந்த வெப்பநிலைக்கு மேல் இந்தக் கலவையில் பீட்டா ஃபேஸ் நிலையா இருக்கும். பீட்டா அடிக்கு வளையும். ஆக, தணலில் சிவக்கக் காய்ச்சி, சூடு இருக்கும்போதே அடிச்சு, ஆறினா மறுபடி காய்ச்சி, கடைசில 650, 700 டிகிரி அளவில் இருக்கும்போது தண்ணீரில் முக்கணும். பீட்டா டெல்டாவா மாற நேரம் கிடைக்காம அப்படியே உறைஞ்சு நிக்கும். எஃகைக் குவென்ச் பண்ணினா கடினமாகி நொறுங்கும்னு படிச்சிருப்போம். இங்கே தலைகீழ்: குவென்ச் பண்ணினாத்தான் நொறுங்காது. பண்ணலைன்னா பாத்திரமே இல்லை. மைக்ரோஸ்கோப்பில் ஊசி ஊசியாத் தெரியும் அந்த பீட்டா அமைப்புதான் முக்கின பாத்திரம்ங்கிறதுக்கு அத்தாட்சி.

இதை லேபிலேயே உட்கார்ந்து முடிச்சிருக்கலாம். ஆனா சாரதா கேரளாவுக்குப் போய், இன்னமும் அதே மாதிரி ஓட்டுப் பாத்திரம் அடிக்கும் கைவினைஞர்களைப் பார்த்து, அவங்க செய்முறையையும் அவங்க பாத்திரத்தின் நுண்ணமைப்பையும் பழைய கிண்ணங்களோட ஒப்பிட்டு, 1995-ல் இயன் குளோவர் என்ற தொல்லியலாளரோடு சேர்ந்து எழுதினார். அதே கட்டுரையில் ஆரன்முளா கண்ணாடியும் வருது. அதில் வெள்ளீயம் இன்னும் அதிகம், 33 சதவீதம் அளவில். பாத்திரக்காரர் தவிர்க்க நினைக்கிற அதே டெல்டா ஃபேஸை, கண்ணாடி செய்யறவர் வேணும்னே வரவழைக்கிறார். ஏன்னா அது நல்லாப் பளபளப்பு ஏறும். அவர் கையில் தெர்மோகப்பிளும் இல்லை, ஃபேஸ் டயகிராமும் இல்லை.

சிலை, கிண்ணம், வாள் இதெல்லாம் அருங்காட்சியகத்தில் கண்ணாடிப் பெட்டிக்குள்ள இருக்கும். ஆனா இந்தத் துறைக்காரங்களைக் கேட்டா அவங்க கண்ணு போற இடம் வேற. குப்பை. உலோகம் உருக்கின இடத்தில் கொட்டிய கசடு, உடைஞ்ச மூசை, துருத்தி மூக்கு. பொருள் ஊரு விட்டு ஊரு போகும், விற்கப்படும், உருக்கப்படும். கசடைச் சுமந்து யாரும் போக மாட்டாங்க. அது கிடக்கிற இடத்துலதான் உலை இருந்திருக்கும்.

பழைய தென்னார்க்காடு மாவட்டத்து மேல்சிறுவலூர் இதுக்கு நல்ல உதாரணம். அங்கே கிடந்த மூசைத் துண்டுகளைச் சாரதா ஆராய்ந்து, ஊட்ஸ் எஃகு செய்த இடம்னு 1994-ல் அறிவித்தார். ஊட்ஸ்ங்கிறது தென்னிந்தியாவிலும் இலங்கையிலும் மூடிய மூசைக்குள்ள இரும்பையும் மரப்பொருளையும் வைத்துக் காய்ச்சிச் செய்த உயர்கார்பன் எஃகு. கார்பன் 1 முதல் 2 சதவீதம் வரை இருக்கும். இது எப்படி இப்படி இருக்குன்னு மைக்கேல் ஃபாரடேயே 1820 வாக்கில் மண்டையைக் குடைஞ்சுக்கிட்டார். மேல்சிறுவலூரில் எஃகுக் கட்டி ஒண்ணும் கிடைக்கலை. மூசையோட உள்சுவரில் ஒட்டியிருந்த கண்ணாடி மாதிரியான கசடுக்குள்ள குண்டூசித் தலை அளவில் உலோகத் துளிகள் மாட்டியிருந்தன. அந்தத் துளிக்குள்ள உயர்கார்பன் எஃகின் பேர்லைட் அமைப்பு. சாதாரணமா யாரும் காலால தட்டிவிட்டுப் போற ஓட்டுச்சில்லு அது.

இந்த வேலையில் ஒரு சங்கடமும் இருக்கு. மைக்ரோஸ்கோப்பில் பார்க்கணும்னா பொருளிலிருந்து ஒரு துண்டு வெட்டணும். உலகத்தில் ஒண்ணே ஒண்ணு இருக்கிற கத்தியை வெட்டலாமா? காப்பாளர் வேண்டாம்பார். ஆராய்ச்சியாளர் வெட்டாம எப்படிச் சொல்றதும்பார். எக்ஸ்ஆர்எஃப் கருவியை மேலே வைத்துப் பார்த்தால் சேதம் இல்லை, ஆனா அது மேல்பரப்பைத்தான் படிக்கும். நூற்றாண்டுகளா அரிச்ச மேல்பரப்புல இருக்கிற விகிதம் உள்ளே இருக்கிற விகிதம் இல்லை. சிலையின் பின்பக்கத்திலோ பீடத்தின் அடியிலோ மெல்லிசா ஒரு துளை போட்டு, மேல் தூளை ஒதுக்கிவிட்டு உள் தூளை எடுப்பது ஒரு வழி. எவ்வளவு எடுக்கிறது, எங்கே எடுக்கிறது, இந்தக் கேள்விக்கு அது அவசியம்தானா என்று முடிவு பண்றதுதான் இந்தத் தொழிலில் கஷ்டமான பகுதி. வெட்டினதை ஒட்ட முடியாது.

நம்ம ஊர்ல இப்போ சூடா இருக்கிற கேள்விக்கும் இது பொருந்தும். 2025 ஜனவரியில் தமிழ்நாடு அரசு ‘இரும்பின் தொன்மை’ அறிக்கையை வெளியிட்டது. தூத்துக்குடி மாவட்டம் சிவகளையில் கிடைத்த மாதிரிகளுக்கு கி.மு. 3345 வரை காலம் வந்திருக்கு. வாட்ஸ்அப்பில் எல்லாரும் ஃபார்வர்டு பண்ணினோம். ஒண்ணைக் கவனிங்க: காலம் கணிக்கப்பட்டவை இரும்போடு சேர்ந்து கிடைத்த கரித்துண்டு, பானை ஓடு போன்றவை. இரும்பையே நேராக் கேட்க முடியுமா? சில சமயம் முடியும். எஃகில் இருக்கும் கார்பன், உலையில் போட்ட மரக்கரியிலிருந்து வந்தது. அதாவது ஒரு மரத்தின் கார்பன். அதைப் பிரித்தெடுத்தால் கார்பன்-14 கணிப்பு சாத்தியம். ஆனா பழைய இரும்பில் கார்பன் குறைவு, அதனால் கணிசமான துண்டு தேவைப்படும், பெரும்பாலும் பொருள் முழுக்கத் துருவாகியும் இருக்கும். முழுசாத் துருவானதிலும் பழைய பேர்லைட்டின் நிழல் சில இடங்களில் அப்படியே நிக்கும், தேடத் தெரிஞ்சவங்களுக்குக் கிடைக்கும். அந்தக் காலத்து உலை எங்கே, கசடு எங்கே என்பதும் தேடவேண்டியதுதான். பெருமைப்படறதுக்கு நிறையப் பேர் இருக்கோம். மவுண்ட் போட்டு பாலிஷ் பண்ணிப் பார்க்கத் தெரிஞ்சவங்கதான் கம்மி.

சரி, சோத்துக்கு வழி? ஒளிக்காம சொல்லணும்னா, ‘தொல்உலோகவியலாளர் தேவை’ன்னு கேம்பஸ் இன்டர்வியூ வராது. அரசுத் தொல்லியல் துறைப் பணிகளுக்குப் பெரும்பாலும் வரலாறு அல்லது தொல்லியல் முதுகலை கேட்பாங்க, பி.இ. மட்டும் வெச்சு நுழையறது சிரமம். இரண்டு பாதை நடைமுறையில் இருக்கு. ஒண்ணு, சாரதா போன பாதை: பொறியியலுக்கு அப்புறம் தொல்லியலில் முதுகலை, பிறகு ஆய்வு. புனே டெக்கான் கல்லூரி, லண்டன் யுனிவர்சிட்டி காலேஜ் தொல்லியல் நிறுவனம், ஐஐடி காந்திநகரின் தொல்அறிவியல் மையம் எல்லாம் தேடிப் பார்க்க வேண்டிய பேர்கள்.

இன்னொண்ணு, ஐஐடி கான்பூர் பேராசிரியர் ஆர். பாலசுப்ரமணியம் போன பாதை. உலோகவியல் துறையிலேயே, அரிமானம் பாடம் நடத்திக்கிட்டே, டெல்லி இரும்புத் தூண் ஏன் துருப்பிடிச்சு அழியலைன்னு ஆராய்ந்தார். அந்த இரும்பில் பாஸ்பரஸ் அதிகம், அதனால் மேலே உருவாகும் மெல்லிய படலம் காவல் காக்குதுன்னு விளக்கினார். தஞ்சாவூர் பீரங்கி மேட்டில் இருக்கும், இரும்புப் பட்டைகளைக் காய்ச்சி இணைத்துச் செய்த பெரிய பீரங்கியையும் ஆராய்ந்திருக்கார். 2009-ல், ஐம்பது வயதுக்கு முன்னாடியே மறைஞ்சுட்டார். சம்பளம் ஒரு வேலையில், ஆராய்ச்சி இதில் என்று இருப்பது கேவலம் ஒண்ணும் இல்லை.

பாதுகாப்பு வேதியியலும் ஒரு வாசல். எழும்பூர் அருங்காட்சியகத்தில் 1930-லேயே இதற்கு ஆய்வகம் தொடங்கியாச்சு. குளோரைடு புகுந்த வெண்கலத்தில் இளம்பச்சைப் பொடியாப் பூக்கும் ‘வெண்கல நோயை’ நிறுத்துறது அங்கே நடக்கிற வேலைகளில் ஒண்ணு. அரிமானம் யூனிட்டை ஒழுங்காப் படிச்சவங்களுக்குப் பாதி புரிஞ்சிடும்.

இப்பவே ஏதாவது செய்யணும்னு தோணினா, செமஸ்டர் லீவுல எழும்பூர் வெண்கலக் கூடத்துக்கு ஒரு நடை போய்ட்டு வாங்க. சிலையின் முன்பக்கம் பார்த்தாச்சுன்னா பின்பக்கமும் சுத்திப் பாருங்க. ஊர்ப்பக்கம் போகும்போது மேட்டு நிலத்தில் கறுப்பா, கனமா, நுரை உறைஞ்ச மாதிரி கட்டிகள் சிதறிக் கிடந்தா, ஊர்ல சிட்டம், கிட்டம்னு சொல்வாங்க, அதைப் பையில் போட்டுக்கொண்டு வந்துடாதீங்க. இடம் மாறின கசடு சாட்சி சொல்லாது. கிடக்கிற நிலையிலேயே போட்டோ எடுத்து, இடத்தை மேப்பில் குறிச்சு, மாவட்டத் தொல்லியல் அலுவலகத்துக்குத் தெரியப்படுத்துங்க.