மலைநாட்டுப் பனிக்காலத் தேநீர்

மார்கழி பிறந்துவிட்டால் இலங்கையின் மத்திய மலைநாட்டில் பிற்பகலிலேயே மூடுபனி இறங்கத் தொடங்கிவிடும். 6,000 அடிக்கு மேற்பட்ட உயரத்தில் அமைந்த நுவரெலியாவில், தை மாதத்துச் சில விடியல்களில் புல் நுனியில் உறைபனி படிவதும் உண்டு. அட்டனும் தலவாக்கலையும் அவ்வளவு உயரமல்ல. எனினும் அங்கும் கம்பளியின்றி மாலைப்பொழுதைக் கழித்தல் அரிது. இக்குளிருக்கு உற்ற துணை தேநீரே. ஆயினும் அதை அருந்தும் முறை ஒரே மலைச்சரிவில் நெடுங்காலம் இருவேறாக இருந்து வந்தது.

1867ஆம் ஆண்டில் ஜேம்ஸ் டெயிலர் என்னும் ஸ்காட்லாந்துக்காரர், கண்டியை அடுத்த லூல்கந்துரா தோட்டத்தில் 19 ஏக்கரில் தேயிலை பயிரிட்டார். ஈராண்டு கழித்து இலைநோய் தோன்றிக் காப்பித் தோட்டங்களை அழிக்கவே, அவ்விடங்களைத் தேயிலை பிடித்துக்கொண்டது. திருச்சிராப்பள்ளி, புதுக்கோட்டை, இராமநாதபுரம், சேலம் முதலிய பகுதிகளிலிருந்து காப்பிக்காக வந்த தமிழர் தேயிலைக்கும் உழைக்கலாயினர்.

துரைமாரின் பங்களாவில் பிற்பகல் தேநீர் ஒரு சிற்றுண்டி விருந்தாகும். 1840ஆம் ஆண்டையொட்டி இங்கிலாந்தில் பெட்போர்டு சீமாட்டி தொடங்கிவைத்ததாகச் சொல்லப்படும் வழக்கம் அது. பீங்கான் குடுவையில் ஊறிய தேநீர், வெண்ணெயும் பழ ஜாமும் தடவிய ஸ்கோன், வெள்ளரிக்காய் வைத்த மெல்லிய சாண்ட்விச் ஆகியவை அங்கே பரிமாறப்பட்டன. அதே நேரத்தில் லயன் காம்பராவில், வெறுந்தேத்தண்ணீரும் உள்ளங்கையில் ஒரு துண்டு கருப்பட்டியும், பசி மிகுந்தால் தேங்காய் ரொட்டியும் சம்பலுமே உணவு. உயர்ந்த இலை கொழும்பு ஏலத்துக்கும், அங்கிருந்து கடல் கடந்தும் சென்றது. கொழுந்தெடுத்தவர் வீட்டுக்குப் பெரும்பாலும் மலிவான தூளே வந்து சேர்ந்தது.

இவ்விரு மரபுகளையும் ஒரே மேசையில் இணைப்பது கடினமன்று. முதலில் தேநீரைக் கவனிப்போம். உயரம் ஏற ஏறக் காற்றழுத்தம் குறையும். அதனால் நுவரெலியாவில் தண்ணீர் ஏறத்தாழ 94 பாகை சென்டிகிரேட்டிலேயே கொதித்துவிடுகிறது. அந்த வெப்பமும் குளிர்ந்த குடுவையில் ஊற்றியவுடன் வீணாகும். ஆகவே குடுவையை முன்னதாக வெந்நீரால் கழுவிச் சூடாக்குதல் இன்றியமையாதது. நால்வருக்கு நான்கு தேக்கரண்டி இலைத் தேயிலையும் நான்கு கோப்பைத் தண்ணீரும் போதும். விரல்நுனி அளவு இஞ்சியைத் தட்டித் தண்ணீரில் இட்டுக் கொதிக்கவிட வேண்டும். தேயிலையை அதனோடு சேர்த்துக் கொதிக்கவைத்தலாகாது, துவர்ப்பு மிகும். இஞ்சி நீரைக் குடுவையிலுள்ள இலையின் மீது ஊற்றி மூடி, ஐந்து நிமிடம் ஊறவிட்டு வடித்தல் வேண்டும். தூள் தேயிலையாயின் இரண்டு நிமிடமே போதும்; துகள் சிறிதாகையால் சாயம் விரைவில் இறங்கிவிடும். அது பாலுக்கு ஏற்றது.

அடுத்தது ரொட்டி. இரண்டு கோப்பைக் கோதுமை மா, ஒரு கோப்பைத் தேங்காய்த் துருவல், பொடியாக நறுக்கிய சின்ன வெங்காயம், பச்சை மிளகாய், உப்பு ஆகியவற்றைச் சிறிது தண்ணீர் தெளித்துப் பிசைந்து, கால்மணி நேரம் மூடி வைக்க வேண்டும். பின்னர் ஸ்கோன் அளவில் சிறு வட்டங்களாகத் தட்டி, மிதமான சூட்டில் இருபுறமும் சுட்டெடுத்தல் நலம். பாதியை மிளகாயும் வெங்காயமும் இல்லாமல் செய்தால், நுவரெலியாவில் விளையும் ஸ்ட்ராபெரியின் ஜாமோடும் வெண்ணெயோடும் உண்ணலாம். மறு பாதிக்குக் கட்டைச் சம்பலே இணை.

சாண்ட்விச்சிலும் இவ்வாறே செய்யலாம். வெள்ளரி வில்லைகளில் உப்புத் தூவி, ஊறும் நீரை வடித்துவிட்டு, ரொட்டித் துண்டின் ஒரு புறம் வெண்ணெயும் மறுபுறம் புதினாத் துவையலும் தடவி அடுக்க வேண்டும். குளிர்ந்த பண்டமாகிய இதனருகே சுடச்சுடப் பருப்பு வடை இருத்தல் பொருத்தம். முதலில் இஞ்சித் தேநீரைக் கருப்பட்டியோடு வெறுமையாகச் சுவைத்து, பிறகு விரும்பியவர் காய்ச்சிய பால் சேர்த்துக்கொள்வதே முறை.

இன்னொரு செய்தியும் நினைவுகூரத் தக்கது. மலையின் மேற்குச் சரிவில் ஜனவரி முதல் மார்ச் வரையே இலையின் மணம் மிகச் சிறந்து விளங்கும். குளிரும் வறண்ட காற்றும் கொழுந்தின் வளர்ச்சியைத் தாமதப்படுத்துவதால் மணம் அதில் செறிகிறது. தைப்பொங்கலும் அப்பருவத்தின் தொடக்கத்திலேயே வருகிறது. இன்று பழைய பங்களாக்கள் சில விடுதிகளாகி, பயணிகள் பணம் கொடுத்து மாலைத் தேநீர் அருந்துகின்றனர். அந்த இலையைக் கிள்ளிய கைகளுக்கு உரியோர் வீட்டிலும், பொங்கல் நாளின் மாலையிலாவது தூளுக்குப் பதிலாக அப்பருவத்து நல்ல இலை குடுவையில் ஊறட்டும். அதற்கு அதிகச் செலவு வேண்டுவதில்லை. நால்வருக்கு நான்கு தேக்கரண்டியே தேவை.