சட்டியில் இடம்பிடித்த புரோக்கோலி

அமெரிக்காவிலுள்ள சீன உணவகங்களில் பரவலாகக் கிடைக்கும் உணவுகளுள் ஒன்று, மாட்டிறைச்சி புரோக்கோலிப் பிரட்டல். சமைக்கும் முறை சீனர்களுடையது. காயோ இத்தாலியர்கள் வழி வந்தது.

19ஆம் நூற்றாண்டில் குவாங்டோங் மாநிலத்திலிருந்து பல்லாயிரம் பேர் கலிபோர்னியாவுக்குச் சென்று, தங்கச் சுரங்கங்களிலும் இருப்புப்பாதைப் பணிகளிலும் உழைத்தனர். 1882இல் சீனத் தொழிலாளர்கள் அமெரிக்காவுக்குள் நுழையத் தடை விதிக்கும் சட்டம் இயற்றப்பட்டது. அது 1943இல்தான் நீக்கப்பட்டது. வேறு தொழில்களில் இடம் மறுக்கப்பட்ட சீனர்கள் பலருக்குச் சலவைக் கடையும் உணவகமுமே பிழைப்புக்கு வழியாயின. வாடிக்கையாளர்களின் நாவுக்கேற்பச் சமைத்தால்தான் கடை நிலைக்கும். அமெரிக்கர்கள் விரும்பிய மாட்டிறைச்சி அங்குத் தாராளமாகக் கிடைத்தது. தாயகத்தில் பிரட்டிய கைலான் கீரையோ எளிதில் கிடைக்கவில்லை. இத்தாலியக் குடியேறிகள் பயிரிட்டுப் பரப்பிய புரோக்கோலி அதன் இடத்தைப் பிடித்தது. இரண்டும் ஒரே தாவர இனத்தைச் சேர்ந்தவை. அதனால் இம்மாற்றம் அவ்வளவு அந்நியமானதன்று.

இதை வீட்டில் சமைக்கும்போது, இறைச்சி வறுபடாமல் நீர்விட்டுச் சாம்பல் நிறத்தில் வெந்துவிடுவதுண்டு. குறை சமைப்பவரிடம் இல்லை, அடுப்பில் இருக்கிறது. உணவக அடுப்பின் தீ, வீட்டு அடுப்பின் தீயைவிடப் பன்மடங்கு வலியது. வீட்டில் இறைச்சி முழுவதையும் ஒரே நேரத்தில் கொட்டினால் சட்டியின் சூடு தணிந்து, நீர் தேங்கிவிடும். நீர் தேங்கியிருக்கும்வரை வெப்பம் 100 பாகை செல்சியசைத் தாண்டாது. பழுப்பு நிறமும் வறுவல் மணமும் உண்டாக அதைவிட அதிக வெப்பம் வேண்டும். ஆகவே, 400 கிராம் இறைச்சியை இரண்டு மூன்று தடவையாகப் பிரித்து வறுப்பதே நல்லது.

அதற்கு முன், இறைச்சியைத் தசைநார் ஓடும் திசைக்குக் குறுக்காக மெல்லியதாய் நறுக்க வேண்டும். நார்கள் குறுகிவிடுவதால் மெல்லுவது எளிதாகும். பின்னர் சோயா சாறு, சோள மாவு, சிறிது எண்ணெய் ஆகியவற்றைப் பிசறி 20 நிமிடம் வைக்கலாம். மாவு இறைச்சியின் ஈரத்தைக் காக்கும். கடைசியில் சாற்றையும் கெட்டியாக்கும். மாட்டிறைச்சி உண்ணாதவர்கள் கோழி இறைச்சியைப் பயன்படுத்தலாம், முறை மாறாது.

புரோக்கோலியைக் கொதிநீரில் ஒரு நிமிடம் இட்டு, நன்றாக வடித்துக்கொள்ள வேண்டும். இறைச்சியை வறுத்தெடுத்த சட்டியில் இஞ்சி, பூண்டை வதக்கி, இறைச்சியையும் காயையும் சேர்த்து, சிப்பிச் சாறும் சிறிது நீரும் ஊற்றிப் பிரட்டினால் போதும். பலர் புரோக்கோலியின் தண்டை வீசிவிடுகின்றனர். தோலைச் சீவி, மெல்லிய வில்லைகளாக நறுக்கிச் சேர்த்தால் அது கைலான் தண்டைப்போலவே மொறுமொறுப்பாக இருக்கும்.