வெக்கை நீங்கிய சமவெளி

மாடு வைத்திருந்த குடும்பத்தில் எழுபது வயதைத் தாண்டியவர் யாராவது இருந்தால் அவரிடம் ‘வெக்கை’ என்று சொல்லிப் பாருங்கள். வெயிலை நினைப்பதற்கு முன்பே அவருக்கு மாட்டு நோய் நினைவுக்கு வந்துவிடும். முதலில் மாடு தீனியில் வாய் வைக்காது. உடம்பு அனலாகக் கொதிக்கும். கண்ணிலும் மூக்கிலும் நீர் வடியும். வாய்க்குள் புண் கிளம்பி எச்சில் ஒழுகும். பிறகு கழிச்சல் தொடங்கும், நிற்காது. ஒரு வாரம், பத்து நாளில் மாடு சாய்ந்துவிடும். ஒரு கொட்டிலில் புகுந்தால் ஊரையே சுற்றி வராமல் ஓயாது. இந்தியாவில் வெக்கை நோய் கடைசியாகக் காணப்பட்டது 1995-இல், தமிழ்நாட்டில்தான். இன்று கால்நடை மருத்துவம் படிக்கும் பிள்ளைகள் அதைப் படத்தில்தான் பார்க்கிறார்கள்.

தான்சானியாவின் வடக்கே இருக்கும் செரங்கெட்டி தேசியப் பூங்காவைப் பற்றி எழுத உட்கார்ந்துவிட்டு மாட்டு நோயில் தொடங்குவதற்குக் காரணம் இருக்கிறது. தொலைக்காட்சியில் அந்தக் காட்சியை நாம் எல்லோரும் பார்த்திருக்கிறோம்: புழுதி கிளப்பி வந்து ஆற்றங்கரையிலிருந்து ஆயிரம் ஆயிரமாகக் குதிக்கும் விலங்குகள், நீருக்குள் காத்திருக்கும் முதலைகள். 1960-களின் தொடக்கத்தில் அந்தக் கூட்டம் இப்போது இருப்பதில் ஐந்தில் ஒரு பங்குதான் இருந்தது. மீதி நான்கு பங்கையும் மீட்டுக் கொடுத்தது, பூங்காவுக்கு வெளியே ஊர் மாடுகளுக்குப் போட்ட தடுப்பூசி. காட்டுயிர்ப் பாதுகாப்பின் வரலாற்றில் எனக்கு மிகவும் பிடித்த கதை இது.

கதையின் நாயகன் வில்டபீஸ்ட். ‘நூ’ என்றும் சொல்வார்கள். மாட்டின் கொம்பு, ஆட்டின் தாடி, குதிரையின் வால். முன்புறம் உயர்ந்து பின்புறம் சரியும் உடல். பார்த்தால் மாடுபோல இருந்தாலும் மான் இனங்களுக்கு நெருங்கிய உறவு. வளர்ந்த ஆண் 200 கிலோவுக்கு மேல் எடை இருக்கும். செரங்கெட்டியில் இன்று ஏறத்தாழ 13 லட்சம் இருக்கின்றன. அவற்றோடு சுமார் 2 லட்சம் வரிக்குதிரைகளும் பல லட்சம் சிறு மான்களும் சேர்ந்து ஆண்டு முழுவதும் நடக்கின்றன.

ஏன் நடக்க வேண்டும்? புல் ஓரிடத்தில், தண்ணீர் வேறிடத்தில். பூங்காவின் தென்கிழக்குச் சமவெளிக்கு அருகே எரிமலைகள் உண்டு. ஓல் டோய்ன்யோ லெங்காய் இன்னும் அடங்காதது. மாசாய் மக்களின் மொழியில் அந்தப் பெயருக்குக் கடவுளின் மலை என்று பொருள். அந்த எரிமலைகள் காலங்காலமாகக் கக்கிய சாம்பல் படிந்த மண்ணில் சுண்ணாம்புச் சத்தும் பாஸ்பரஸும் நிறைந்த குட்டைப் புல் முளைக்கிறது. சாம்பல் இறுகிக் கீழே கல்லாகிவிட்டதால் மரத்தின் வேர் இறங்க வழியில்லை. அதனால்தான் அங்கே கண்ணுக்கெட்டும் தூரம் வரை வெட்டவெளி. பால் கொடுக்கும் தாய்க்கு அந்தப் புல்லைவிட நல்ல தீனி கிடையாது. ஆனால் மழை நின்றால் குட்டைகள் வற்றிவிடும். அப்போது கூட்டம் வடமேற்காகத் திரும்பி, க்ருமெட்டி ஆற்றுப் பக்கம் போய், ஜூலை, ஆகஸ்ட் வாக்கில் மாரா ஆற்றைத் தாண்டிக் கென்யாவுக்குள் நுழையும். மாராவில் ஆண்டு முழுதும் நீர் ஓடும். அங்கே புல் உயரமானது, சத்து குறைவு. நவம்பரில் தெற்கே மின்னல் வெட்டத் தொடங்கியதும் மறுபடி புறப்பாடு.

இந்த நடை இன்னொரு பலனையும் தருகிறது. சிங்கம் தன் எல்லையை விட்டுக் கூட்டத்தின் பின்னாலேயே ஆண்டெல்லாம் அலைய முடியாது. அதன் குட்டிகள் அங்கேயே கிடக்கின்றன. நடந்துகொண்டே இருக்கும் இரைக்கு வேட்டை விலங்கின் தொல்லை குறைவு. கன்று ஈனுவதிலும் இதே கணக்குதான். பிப்ரவரியை ஒட்டிய இரண்டு மூன்று வாரங்களில் பெரும்பாலான தாய்கள் ஈன்றுவிடுகின்றன. லட்சக்கணக்கான கன்றுகள் ஒரே நேரத்தில் தரையில் விழும்போது கழுதைப்புலிகளும் சிங்கங்களும் எத்தனையைத்தான் தின்னும்? கன்று பிறந்த சில நிமிடங்களில் எழுந்து நிற்கும். சற்று நேரத்தில் தாயோடு ஓடும்.

இனி நோய்க்கு வருவோம். வெக்கை சகாராவுக்குத் தெற்கே உள்ள ஆப்பிரிக்காவுக்குச் சொந்தமானதல்ல. 1887-ஐ ஒட்டி, எரித்ரியாவில் மசாவா துறைமுகத்தில் இறங்கிய இத்தாலியப் படைக்காகக் கப்பலில் கொண்டுவந்த மாடுகளோடு அது உள்ளே வந்தது என்பதே பரவலாக ஏற்கப்பட்ட விளக்கம். எத்தியோப்பியாவில் உழவு மாடெல்லாம் மடிந்து கொடும் பஞ்சம் மூண்டது. அடுத்த பத்தாண்டுகளில் நோய் கண்டத்தின் தென்கோடியைத் தொட்டுவிட்டது. மாடே உயிராக வாழ்ந்த மாசாய்கள் அந்தக் காலத்தை ‘எமுதாய்’ என்கிறார்கள். அடியோடு துடைத்துப்போட்டது என்று பொருள். மாடு போனது, பசி வந்தது, கூடவே பெரியம்மையும் வந்து மனிதர்களைக் கொண்டுபோனது. காட்டெருமையும் வில்டபீஸ்டும் ஒட்டகச்சிவிங்கியும் குவியல் குவியலாகச் செத்தன. மேய்ச்சலும் குடியிருப்பும் இல்லாமல் போன நிலத்தில் புதர் மண்டியது. புதரோடு தூக்க நோயைப் பரப்பும் செட்சி ஈ பெருகியது. பின்னால் வந்த ஐரோப்பியர்கள் மனிதர் கால்படாத ஆதி வனம் என்று வியந்து பார்த்த இடங்களில் பல, நோய் காலி செய்துவிட்டுப்போன ஊர்கள். பூங்கா 1951-இல் அமைந்தது. 1959-இல் அங்கிருந்த மாசாய்கள் வெளியேற்றப்பட்டுப் பக்கத்து நுகோரோங்கோரோ பகுதிக்கு அனுப்பப்பட்டார்கள். செரங்கெட்டியின் அழகைப் பேசும்போது இதைச் சொல்லாமல் விடுவது நேர்மையாகாது.

அதே ஆண்டுகளில்தான் ஜெர்மனியைச் சேர்ந்த பெர்ன்ஹார்ட் கிரிசிமெக்கும் அவர் மகன் மைக்கேலும் வரிக்குதிரைபோலக் கோடு தீட்டிய சிறு விமானத்தில் பறந்து விலங்குகளை எண்ணினார்கள். அப்போது பூங்காவின் எல்லையை மாற்றும் திட்டம் இருந்தது. கூட்டம் எந்த வழியாகப் போய் வருகிறது என்பதே யாருக்கும் சரியாகத் தெரியாது. 1959 ஜனவரியில் ஒரு கழுகு விமானத்தில் மோதியதில் மைக்கேல் இறந்தார். அவர்கள் எடுத்த ஆவணப்படம் ஆஸ்கர் விருது பெற்றது; செரங்கெட்டி என்ற பெயர் உலகுக்குத் தெரிந்தது. 1961-இல் நடந்த கணக்கெடுப்பில் வில்டபீஸ்ட்டுகள் சுமார் இரண்டரை லட்சம்.

அந்த எண்ணிக்கை ஏன் ஏறவில்லை என்பதற்கு விடை கன்றுகளிடம் இருந்தது. நோயில் தப்பிப் பிழைத்த தாய்க்கு ஆயுள் முழுக்க எதிர்ப்புச் சக்தி உண்டு. சீம்பால் வழியாக அது கன்றுக்கும் போகும்; ஆனால் சில மாதங்கள்தான் தாங்கும். அதன்பின் வைரஸ் கன்றைப் பிடிக்கும். ஓராண்டை எட்டும் முன் இளங்கன்றுகள் விழுந்துகொண்டே இருந்தன. பிறப்பில் குறைவில்லை, வளர்ந்து ஆளாவதுதான் இல்லை.

காட்டு விலங்குகள்தான் வைரஸின் இருப்பிடம், அவற்றிடமிருந்தே மாட்டுக்குத் தொற்றுகிறது என்று அப்போது பலர் உறுதியாக நம்பினார்கள். அந்த நம்பிக்கைப்படி பார்த்தால் மாட்டைக் காப்பாற்றக் காட்டை அழிக்க வேண்டியிருக்கும். நல்லவேளை, ஊசி மாடுகளின் பக்கமிருந்து வந்தது. இந்தியாவில் முக்தேசுவர் ஆய்வுக்கூடத்தில் ஜே. டி. எட்வர்ட்ஸ் 1920-களிலேயே வைரஸை ஆட்டிலிருந்து ஆட்டுக்கு மாற்றி மாற்றி வீரியத்தைக் குறைத்துத் தடுப்பூசி செய்திருந்தார். பிறகு கென்யாவின் முகுகாவில் வால்டர் ப்ளோரைட், கன்றின் சிறுநீரகச் செல்களில் வைரஸைச் சுமார் 90 முறை வளர்த்தெடுத்து, சாதுவான ஒரு வடிவத்துக்குக் கொண்டுவந்தார். மலிவானது, ஒரே ஊசி, வாழ்நாள் காப்பு. கிழக்கு ஆப்பிரிக்காவில் ஊர் ஊராக மாடுகளுக்குப் போட்டார்கள். வில்டபீஸ்ட் ஒன்றுக்குக்கூடப் போடவில்லை. ஆனாலும் 1963-ஐ ஒட்டிப் பிறந்த கன்றுகளின் ரத்தத்தில் நோயின் தடயமே இல்லை. மாட்டில் வைரஸுக்கு இடமில்லாமல் போனதும் காட்டிலும் அது அவிந்துவிட்டது. அதுவரை தொற்று மாட்டிடமிருந்து மானுக்குப் போய்க்கொண்டிருந்தது. நாம் குற்றவாளியையே மாற்றிப் பிடித்திருந்தோம்.

1970-களின் நடுவில் எண்ணிக்கை 13 லட்சத்தை எட்டியது. சூழலியலாளர் ஆந்தனி சின்க்ளேர் 1960-களிலிருந்து அங்கே பல பத்தாண்டுகள் ஆய்வு செய்து இந்த மாற்றத்தைத் தொடர்ந்து பதிவு செய்தார். கூட்டம் அதற்குமேல் பெருகவில்லை. வறட்சி மாதங்களில் கிடைக்கும் புல்தான் அதன் வரம்பு. 1993-இல் கடும் வறட்சி வந்தபோது பத்து லட்சத்துக்கும் கீழே சரிந்து, பிறகு தேறிக்கொண்டது.

பதின்மூன்று லட்சம் வாய்கள் மேய்ந்தால் நிலம் என்னாகும்? முதலில் புல் குட்டையாகிறது. முன்பெல்லாம் மழைக்காலம் முடிந்ததும் ஆளுயரப் புல் காய்ந்து நிற்கும். ஒரு பொறி விழுந்தால் நாட்கணக்கில் எரியும். 1960-களில் ஆண்டுதோறும் செரங்கெட்டியின் பெரும்பகுதி தீயில் கருகியது. கூட்டம் பெருகியபின் எரிவதற்குப் புல் மிச்சமில்லை. தீ குறைந்ததும் முன்பு முழங்கால் உயரத்திலேயே பொசுங்கிப்போன வேல மர இனக் கன்றுகள் தலைதூக்கின. இப்போது வளர்ந்து நிற்கும் மரங்களில் பல, வெக்கை நீங்கியபின் முளைத்தவை. யானைகளைத் தந்தத்துக்காகக் கொன்றதால்தான் மரம் கூடியது என்று ஒரு வாதம் உண்டு. அதற்கும் பங்கு இருக்கிறது. ஆனால் தரவுகளை ஒன்றாக வைத்து ஆராய்ந்தவர்கள் தீ தணிந்ததையே பெரிய காரணமாகக் காட்டினார்கள். கரியமில வாயுவை வெளியேற்றிக்கொண்டிருந்த நிலம், அதை மரத்திலும் மண்ணிலும் சேர்த்துவைக்கும் நிலமாக மாறியது. கன்றுகள் பிழைத்ததால் கூடவே சிங்கமும் கழுதைப்புலியும் பெருகின.

ஆறும் தன் பங்கைப் பெறுகிறது. மாராவைக் கடக்கும்போது ஆண்டுக்குச் சராசரியாக 6,250 வில்டபீஸ்ட்டுகள் மூழ்கி இறப்பதாக ஓர் ஆய்வு கணக்கிட்டது. மொத்த எடை ஏறத்தாழ 1,100 டன். முதலைகள் தின்பது அதில் சிறு பங்குதான். பிணந்தின்னிக் கழுகுகளும் மீன்களும் மீதியில் வாழ்கின்றன. ஆற்றடியில் கிடக்கும் எலும்பு ஏழு ஆண்டுகள் வரை மெல்லக் கரைந்து பாஸ்பரஸை நீருக்குக் கொடுக்கிறது. அதன்மேல் படியும் பாசியை மீன் கொத்துகிறது. எரிமலைச் சாம்பலில் இருந்த சத்து புல்லாகி, மானாகி, எலும்பாகி, மீனாகி நீந்துகிறது. இதை முதன்முதலில் படித்த நாள் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. வேறு எதையும் அன்று படிக்கத் தோன்றவில்லை.

இவ்வளவு பெரிய பூங்கா, 14,763 சதுர கிலோமீட்டர், தன்னைத் தானே காத்துக்கொள்ளும் என்று தோன்றலாம். ஆனால் 1994-இல் செரங்கெட்டிச் சிங்கங்கள் வலிப்பு வந்து விழுந்தன. மூன்றில் ஒரு பங்கு, ஏறக்குறைய ஆயிரம் சிங்கங்கள் இறந்தன. காரணம் நாய்களுக்கு வரும் டிஸ்டெம்பர் வைரஸ்; சுற்றியுள்ள ஊர்களின் நாய்களிடமிருந்து காட்டுக்குள் போயிருந்தது. வெக்கையும் டிஸ்டெம்பரும் நம் குழந்தைகளுக்கு வரும் தட்டம்மையும் ஒரே வைரஸ் குடும்பம். இந்த முறை பாடம் நினைவில் இருந்தது: ஊர் நாய்களுக்கு ஊசி போடும் பணி தொடங்கியது. நோய் மட்டுமே ஆபத்தல்ல. கென்யாவின் பக்கம் லோயிட்டா சமவெளியில் இன்னொரு வில்டபீஸ்ட் கூட்டம் இருந்தது. அங்கே கோதுமை வயலும் வேலியும் வந்தன. கூட்டம் பழைய அளவில் சிறு பங்காகச் சுருங்கிவிட்டது. 2010-இல் செரங்கெட்டியின் வடபகுதியைக் குறுக்கே வெட்டிச் செல்லும் நெடுஞ்சாலைத் திட்டம் வந்தபோது அறிவியலாளர்கள் அத்தனை பதறியது இதனால்தான். சாலை வந்தால் லாரி வரும், லாரி வந்தால் ஒரு நாள் வேலி வரும். நடப்பதை நிறுத்திய வில்டபீஸ்ட் கூட்டத்தை அந்த நிலம் தாங்காது.

2011-இல் உலகில் வெக்கை நோய் இல்லை என்று அறிவித்தார்கள். பெரியம்மைக்குப் பிறகு மனிதன் பூமியிலிருந்து முற்றாக ஒழித்த இரண்டாவது நோய் அது. ஆனால் அதன் உறவுக்காரன் ஒருவன் இருக்கிறான்: ஆட்டுக்கொல்லி நோய். இந்தியாவில் அது முதலில் கண்டறியப்பட்டது 1987-இல், விழுப்புரம் பக்கத்திலுள்ள அரசூரில். அங்கே கிடைத்த வைரஸிலிருந்தே தமிழ்நாட்டில் தடுப்பூசி உருவானது. மங்கோலியாவில் 2016-இல் தொடங்கிய பரவலில் சைகா மான்கள் ஆயிரக்கணக்கில் அந்த நோயால் மடிந்தன. வடக்குத் தான்சானியாவில் 2008-இல் உறுதியானது, இன்னும் போகவில்லை. 2030-க்குள் ஒழிப்பது என்று உலக நாடுகள் இலக்கு வைத்திருக்கின்றன. அந்த ஊசியும் போட வேண்டிய இடம் பூங்காவுக்கு வெளியேதான், மாசாய்ச் சிறுவர்கள் ஓட்டிப்போகும் ஆட்டு மந்தைகளில்.