கோவைக் களத்தில் ஒரு வெற்றிப் பருவம்

விடுமுறை நாள் மாலைகளில் நம் ஷார்ஜா தொழில்பேட்டையின் வெற்று மனைகள் ஆடுகளங்களாகி விடுகின்றன. அங்கே கிரிக்கெட் மட்டையின் ஓசையே மிகுதி. காற்பந்து என்றாலோ, அது கேரளத்தாருக்கும் வங்காளத்தாருக்கும் உரியது என்று நம்மவர் பலர் ஒதுங்கி நிற்கின்றனர். "தமிழ்நாட்டில் காற்பந்து உண்டா?" என்று நம் பள்ளிப் பிள்ளைகளும் கேட்பதுண்டு. அவர்களுக்கு விடையாகச் சென்னை சிட்டி அணியின் 2018-19ஆம் பருவத்தை இங்கே விளக்க முற்படுகிறோம்.

பெயரில் சென்னை இருப்பினும், இவ்வணி அப்பருவத்தில் சொந்தக் களமாகக் கொண்டது கோவை நேரு விளையாட்டரங்கையே. 2017இல்தான் இது ஐ-லீக் போட்டிக்குள் நுழைந்தது. அடுத்த பருவத்தில் பட்டியலின் கீழ்ப்பாதியிலேயே நின்றது. ஆகவே இதனை எவரும் பெரிதாக எண்ணவில்லை.

லீக் முறை எவ்வாறு நடைபெறுகிறது என்பதை முதலில் அறிதல் நலம். ஒவ்வோர் அணியும் மற்ற அணிகள் அனைத்துடனும் இருமுறை மோதும். ஒருமுறை தன் ஊரில், மறுமுறை எதிரியின் ஊரில். வெற்றிக்கு மூன்று புள்ளிகள், சமநிலைக்கு ஒன்று, தோல்விக்கு ஒன்றுமில்லை. ஒருநாள் சிறப்பாக ஆடிக் கோப்பையை வென்றுவிட இதில் இயலாது. மாதக்கணக்கில் தளராத உழைப்பு வேண்டும். பதினோர் அணிகள் கலந்துகொண்டமையால் ஒவ்வொன்றுக்கும் 20 ஆட்டங்கள். சென்னை சிட்டி 13இல் வென்று, 4இல் சமன் செய்து, 3இல் தோற்றது. கூட்டிப் பார்த்தால் 43 புள்ளிகள். கொல்கத்தாவின் புகழ்பெற்ற ஈஸ்ட் பெங்கால் பெற்றவை 42. ஒரே ஒரு புள்ளியே வேறுபாடு!

அந்த ஒரு புள்ளி தீர்மானமானது 2019 மார்ச் 9ஆம் நாள், இறுதிச் சுற்றில். அன்று காலை சென்னை சிட்டிக்கு 40, ஈஸ்ட் பெங்காலுக்கு 39. கோவையில் நடப்பு வாகையரான மினர்வா பஞ்சாப் அணியுடன் நம்மவர் மோத, அதே நேரத்தில் கோழிக்கோட்டில் ஈஸ்ட் பெங்கால் கோகுலம் கேரளாவை எதிர்கொண்டது. கோவையில் சமநிலை ஏற்பட்டு, கோழிக்கோட்டில் ஈஸ்ட் பெங்கால் வென்றால் கோப்பை கொல்கத்தாவுக்கே. மூன்றாம் நிமிடத்திலேயே மினர்வாவின் ரோலண்ட் பிலாலா கோல் அடித்துவிட்டார். இடைவேளை வரை அதே நிலை. அரங்கில் அமர்ந்திருந்தோரின் உள்ளம் என்ன பாடுபட்டிருக்கும் என்று சொல்லவும் வேண்டுமோ! பிற்பாதியில் கிடைத்த பெனால்டியைப் பெட்ரோ மான்சி கோலாக்கினார். அதன்பின் கோலடிப்பதைத் தொழிலாகக் கொள்ளாத தற்காப்பு ஆட்டக்காரர் கௌரவ் போரா இருமுறை பந்தை வலைக்குள் செலுத்தினார். முடிவு 3-1. கோழிக்கோட்டில் ஈஸ்ட் பெங்காலும் பின்தங்கியிருந்து மீண்டு 2-1 என வென்றுவிட்டது என்பதை நினைத்தால், அவ்விரு கோல்களின் அருமை விளங்கும்.

வெற்றிக்குக் காரணம் யாது? சிங்கப்பூரைச் சேர்ந்த பயிற்சியாளர் அக்பர் நவாஸ், ஒரு கோல் அடித்துவிட்டுக் கதவை அடைத்துக்கொள்ளும் ஆட்டத்தை விரும்பவில்லை. பந்தைத் தம் காலிலேயே வைத்துக்கொண்டு முன்னேறும் முறையைப் பயிற்றுவித்தார். அதனால் 28 கோல்களை விட்டுக்கொடுத்த போதிலும் 48 கோல்களை அடித்தனர். ஸ்பெயின் நாட்டுக் களங்களில் தேர்ந்து வந்த மான்சி, நெஸ்டர் கோர்டில்லோ, சாண்ட்ரோ ரோட்ரிகஸ், ராபர்டோ எஸ்லாவா ஆகியோர் அணியின் முதுகெலும்பு. மான்சி ஒருவரே 21 கோல்கள் அடித்தார். ஆயினும் அயல்நாட்டாரால் மட்டுமே வந்த வெற்றி என்று கூறுவது நேர்மையாகாது. எட்வின் சிட்னி வான்ஸ்பால், அலெக்சாண்டர் ரொமாரியோ ஜேசுராஜ், மைக்கேல் ரெஜின் போன்ற தமிழ்நாட்டு இளைஞர்களும் அவர்களோடு தோளோடு தோள் நின்றனர். ரெஜினின் உடன்பிறந்தார் சூசைராஜ் அதற்கு முந்திய பருவத்தில் இதே அணியில் ஒளிவீசியவர். இவர்கள் குமரிக் கடற்கரையின் மைந்தர்கள். அக்கரையில் காற்பந்து பல தலைமுறைகளாக வேரூன்றிய ஆட்டம். இவ்வளைகுடாவின் படகுகளில் மீன்பிடிக்க வருவோரில் பலரும் அக்கரையினரே என்பதால், அவர்களிடம் கேட்டால் நம்மைவிட விரிவாகவே கூறுவர்.

ஐ-லீக்கை வென்ற முதல் தமிழ்நாட்டு அணி என்ற பெருமையுடன் சென்னை சிட்டி ஆசிய அரங்குக்குச் சென்றது. 2020 சனவரியில் ஆசிய வாகையர் போட்டியின் தகுதிச் சுற்றில் பஹ்ரைனின் அல் ரிஃபா அணியிடம் 0-1 எனத் தோற்றது. அதற்கு ஓராண்டு முன்னர், 2019 சனவரி 14 அன்று, நம் ஷார்ஜா அரங்கில் இந்திய அணியும் அதே பஹ்ரைன் நாட்டிடம் அதே 0-1 கணக்கில், ஆட்டம் முடியும் தறுவாயில் கொடுத்த பெனால்டியால் வீழ்ந்ததை இங்குள்ளோர் மறந்திருக்க மாட்டார்கள்.

அதன்பின் வந்த காலம் அவ்வணிக்கு உகந்ததாக இல்லை. 2019-20 முதல் இந்தியன் சூப்பர் லீக் நாட்டின் முதன்மைப் போட்டியாக, ஐ-லீக் இரண்டாம் இடத்துக்குத் தள்ளப்பட்டது. 2020-21க்குப் பின் சென்னை சிட்டி ஐ-லீக்கில் ஆடவில்லை. வாகை சூடி ஈராண்டுகளிலேயே இந்நிலை. ஆட்டக்காரர்களோ ஓயவில்லை. ரொமாரியோ கோவா அணிக்கும், எட்வின் சென்னையின் எஃப்.சி. அணிக்கும் சென்றனர்.

மகளிரையும் குறிப்பிட்டாக வேண்டும். அதே 2019ஆம் ஆண்டு மே 22ஆம் நாள் லூதியானாவில், மதுரையைச் சார்ந்த சேது எஃப்.சி. மகளிர் அணி மணிப்பூர் காவல்துறை அணியை 3-1 என வென்று இந்திய மகளிர் லீக் கோப்பையைக் கைப்பற்றியது. அவ்வணியில் ஆடிய கடலூர் இந்துமதி கதிரேசன் தமிழ்நாடு காவல்துறையில் பணிபுரிபவர்.