பேசாமல் பேர் வாங்கியவர்!

ஆபீஸ் மீட்டிங்கில் வாயைத் திறக்காமல் உட்கார்ந்திருந்தால் என்ன கிடைக்கும்? இன்கிரிமென்ட்டில் ஒரு பெரிய முட்டை! ஆனால், எப்போது வாயை மூட வேண்டும் என்று தெரிந்ததாலேயே நாற்பது வருஷத்துக்கு மேல் டி.வி.யில் கொடிகட்டிப் பறந்தார் ஒருவர். ஆஸ்திரேலியாவின் ரிச்சி பெனோ.

'திரையில் தெரிவதற்கு மேல் சொல்ல ஏதாவது இருந்தால் சொல்லு. இல்லையா, சும்மா இரு!' - இதுதான் அவர் தொழில் ரகசியம். 'பந்து பவுண்டரியை நோக்கி ஓடுகிறது' என்று தொண்டை கிழியக் கத்துகிறவர்களைக் கேட்டால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். அதைத்தான் நாங்களே பார்க்கிறோமே சாமி!

ஆட்டம் தெரியாமல் மைக் பிடித்த ஆசாமியில்லை பெனோ. லெக் ஸ்பின்னர். 63 டெஸ்ட், 248 விக்கெட். டெஸ்ட்டில் 200 விக்கெட், 2,000 ரன் இரண்டையும் தொட்ட முதல் மனுஷன். 28 டெஸ்ட்டுக்கு கேப்டன். ஒரு தொடரில்கூடத் தோற்கவில்லை. 1961-ல் ஓ.பி.இ. விருது, 2009-ல் ஐ.சி.சி.யின் ஹால் ஆஃப் ஃபேம்.

எனக்கு இதையெல்லாம்விடப் பிடித்தது வேறொன்று. 1956-ல் இங்கிலாந்து டூர் முடிந்ததும் மற்ற வீரர்கள் ஓய்வெடுக்கப் போக, இவர் மட்டும் பி.பி.சி.யில் டெலிவிஷன் பயிற்சிக்குப் போய் உட்கார்ந்தார். அப்போது வயசு 25. ரிடையர் ஆக இன்னும் எட்டு வருஷம் பாக்கி! அந்தப் படிப்பு பந்துவீச்சைக் கெடுத்துவிட்டதா என்றால், அதுதான் இல்லை. அடுத்த மாசமே நம்ம சென்னை கார்ப்பரேஷன் ஸ்டேடியத்தில் 72 ரன்னுக்கு 7 விக்கெட்! கடைசிவரை டெஸ்ட்டில் அவருடைய பெஸ்ட் அதுதான்.

அதிகம் பேசாதவர், பயந்தவர் என்று நினைத்துவிடாதீர்கள். 1981 பிப்ரவரி 1, மெல்போர்ன். கடைசிப் பந்தில் சிக்ஸர் அடித்தால் நியூஸிலாந்துக்கு 'டை'. கேப்டன் கிரெக் சேப்பல், பந்தைத் தரையில் உருட்டிவிடும்படி தம்பி ட்ரெவரிடம் சொல்ல, அவரும் உருட்டினார். ஜெயித்தது ஆஸ்திரேலியா. சொந்த நாடு, தானே ஒரு காலத்தில் உட்கார்ந்திருந்த கேப்டன் நாற்காலி. அதற்காகப் பூசி மெழுகவில்லை பெனோ. இது மகா கேவலம் என்று டி.வி.யிலேயே போட்டு உடைத்தார்.

இங்கிலாந்தில் 1963-லிருந்து டி.வி. வர்ணனை. 2005-க்குப் பிறகு அங்கே கிரிக்கெட், காசு கட்டிப் பார்க்கும் சானலுக்குப் போனது. எல்லோரும் இலவசமாகப் பார்க்கிற சானலில்தான் பேசுவேன் என்று 42 வருஷ வேலையை விட்டுவிட்டார். (நம்மில் எத்தனை பேருக்கு அந்த தில் வரும்?)

ஓவலில் கடைசி நாள். நேயர்களுக்கு நன்றி சொல்லிக்கொண்டிருக்கிறார். பாதியில், 158 ரன் அடித்திருந்த கெவின் பீட்டர்ஸனை மெக்ராத் போல்டாக்குகிறார். பெனோ தன் பிரிவுரையை அப்படியே நிறுத்திவிட்டு, விழுந்த விக்கெட்டைச் சொன்னார், பீட்டர்ஸனைப் பாராட்டினார். அப்புறம்தான் விட்ட இடத்திலிருந்து நன்றியைத் தொடர்ந்தார்.